முதல் பிடி

சிற்றாற்றங்கரையில் ஒரு மடம் இருந்தது. மடம் என்றதும் யானை, பல்லக்கு என்று கற்பனை பண்ணிவிட வேண்டாம். ஓட்டுக் கூரை, சின்னதாக ஒரு சன்னதி, சமையல்கட்டு, அதற்குப் பின்னால் பூந்தோட்டம், அவ்வளவுதான். தலைமுறை தலைமுறையாகப் பெண் துறவிகளே அங்கே குருவாக இருந்தார்கள். அப்போது இருந்தவர் வடிவாம்பிகை அம்மா.

ஆவுடையப்பர் அவருடைய சீடர். இங்கே குருவைவிடச் சீடருக்குத்தான் வயது கூட. அதனால் அம்மா அவரைப் 'பெரியவரே' என்று கூப்பிடுவார். முதலில் கேலியாகத் தொடங்கியது, பிறகு அதுவே பெயராக நிலைத்துவிட்டது.

அந்த மடத்துக்கு ஒரு வழக்கம் உண்டு. குரு காலமானால் எரிக்க மாட்டார்கள். உட்கார்ந்த வாக்கில் மண்ணில் இறக்குவார்கள். முதல் பிடி மண் போட வேண்டியவர் மூத்த சீடர் அல்ல, அடுத்த பட்டத்துக்கு வருகிறவரும் அல்ல. யாருக்கு அவரை அனுப்ப மனசே வரவில்லையோ, அவர்தான் போட வேண்டும். அது யார் என்பதைக் குருவே முன்கூட்டிச் சொல்லிவிடுவார்.

சித்திரை மாதம் ஒரு காலையில் அம்மா பூந்தோட்டத்துக்கு வந்தார். நந்தியாவட்டைக்கும் அரளிக்கும் நடுவே வெறுமையாகக் கிடந்த இடத்தைக் காட்டினார். வயிற்றில் இருக்கிற கட்டியை இனி அறுத்துப் பயனில்லை என்று டவுன் டாக்டர் சொல்லி அனுப்பிய மறுநாள் அது.

"இங்கன போதும். சிமெண்டு வேண்டாம், கல்லு வேண்டாம். அப்படியே மண்ணுல இறக்குங்க."

மரகதம் தலையை மட்டும் ஆட்டினாள். சமையல்கட்டும் தோட்டமும் அவள் பொறுப்பு. எந்நேரமும் கையும் வாயும் சேர்ந்தே ஓடுகிற மனுஷி. அன்றைக்கு இரண்டும் நின்று போயிருந்தன.

"முதல் பிடியைப் பெரியவர் போடட்டும்," என்றார் அம்மா.

"மாட்டேன்," என்றார் ஆவுடையப்பர்.

குருவின் முகத்துக்கு நேரே மாட்டேன் என்று அந்த மடத்தில் அதுவரை யாரும் சொன்னதில்லை. மரகதம் திரும்பிப் பார்த்தாள். அம்மாவுக்குக் கோபம் வரவில்லை.

"ஏன்?"

"உங்களைப் புழு அரிக்கும்மா. எறும்பு மொய்க்கும். அதை நெனச்சுக்கிட்டு என் கையால மண்ணள்ளிப் போட முடியாது. வேற யாரையாவது சொல்லுங்க."

"என்னை அனுப்ப உங்க அளவுக்கு மனசில்லாதவங்க இங்க வேற யாரு இருக்கா?"

ஆவுடையப்பர் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு மோட்டார் ரூம் பக்கம் போய்விட்டார்.

மனுஷன் ஏன் இப்படி என்று மடத்தில் எல்லாருக்கும் பாதி தெரியும். ஆவுடையப்பர் ஒரு காலத்தில் பிளாஸ்டிக் கம்பெனி வைத்திருந்தவர். தண்ணீர்த் தொட்டி, குழாய், பண்ணைக்குட்டைக்கு அடியில் விரிக்கிற கறுப்புத் தாள் எல்லாம் செய்து விற்றார். ஒரே மகன், பெயர் நயினார். காலேஜில் படித்துக்கொண்டிருந்த பிள்ளை. வெள்ளக் காலத்தில் சிநேகிதர்களோடு ஆற்றுக்குக் குளிக்கப் போனவன் திரும்பவில்லை. பல நாள் கழித்து, கீழே நாணல் புதரில் கிடைத்தான். அரைஞாணை வைத்துத்தான் அடையாளம் சொன்னார் தகப்பன். அங்கே என்ன பார்த்தார் என்பதை அவர் யாரிடமும் சொன்னதில்லை.

அதற்குப் பிறகு கம்பெனியைத் தம்பியிடம் விட்டுவிட்டு இங்கே வந்து சேர்ந்தார். நல்ல சீடர்தான். பாடம் கேட்பார், சொன்ன வேலையைச் செய்வார், மோட்டாரையும் தொட்டியையும் கண்ணாகப் பார்த்துக்கொள்வார். ஆனால் வாழைப்பழத்தில் ஒரு கறுப்புப் புள்ளி விழுந்தால்கூட அது அவர் கண்ணில் படக் கூடாது. சமையல்கட்டுக்குப் பின்னால் ஒரு குழி உண்டு. சாமிக்குச் சாத்திக் களைந்த மாலை, சாப்பிட்ட இலை, சாணம் எல்லாம் அதில் விழும். மட்கியதை அள்ளிப் பூச்செடிக்குப் போடுவார்கள், அந்தச் செடியின் பூ மறுபடி சாமிக்குப் போகும். ஆவுடையப்பர் அந்தக் குழிப் பக்கம் எட்டிக்கூடப் பார்த்ததில்லை. தோட்டத்துக்குப் போக வேண்டுமென்றால் ஆற்றங்கரை வழியாகச் சுற்றிக்கொண்டுதான் போவார். அம்மாவும், குழியைத் தாண்டிப் போங்கள் என்று ஒருநாளும் சொன்னதில்லை.

அம்மாவிடம் கேட்காமல் அவர் தம்பிக்குப் போன் போட்டார். கேட்டால் வேண்டாம் என்பார் என்று தெரியும்.

வாரம் திரும்புவதற்குள் மடத்து வாசலில் ஒரு லாரி வந்து நின்றது. லாரியில் இருந்து ஒரு ஃபைபர் பெட்டியை இறக்கினார்கள். கறுகறுவென்று, பளபளப்பாக, ஒரு ஆள் உட்காருகிற உயரம். மேலே மூடி. மூடியைச் சுற்றி ரப்பர் பட்டை, நட்டு போல்ட்டு.

"இது என்ன அண்ணாச்சி, புதுத் தண்ணித் தொட்டியா?" என்றாள் மரகதம்.

ஆவுடையப்பர் பூந்தோட்டத்துப் பக்கம் பார்த்தார். அவளுக்குப் புரிந்துவிட்டது. முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு உள்ளே போனாள்.

அம்மா சுவரைப் பிடித்தபடி மெல்ல நடந்து வந்தார். பெட்டியைச் சுற்றிப் பார்த்தார். விரலை மடக்கித் தட்டிப் பார்த்தார்.

"எனக்கா?"

"ஆமாம்மா."

"நல்லாச் செஞ்சிருக்கான் உங்க தம்பி."

அந்த ஒரு வார்த்தை ஆவுடையப்பருக்குப் போதும். பேசத் தொடங்கிவிட்டார். பழைய வியாபாரியின் குரல் வந்துவிட்டது.

"தண்ணி இறங்காதும்மா. காத்துப் போகாது. ஒரு எறும்பு, ஒரு புழு உள்ள நுழைய முடியாது. மண்ணுக்குள்ளதான் வைக்கப் போறோம், வழக்கம் கெடாது. ஆனா மண்ணு உங்களைத் தொடாது."

"வெயில் பட்டா?"

"கறுப்புச் சாயம் கலந்திருக்கு. வெயிலுக்குச் சீக்கிரம் உடையாது."

"உடைஞ்சா?"

"தூளாகும்."

"அந்தத் தூளு அப்புறம் மண்ணாகுமா?"

ஆவுடையப்பர் கொஞ்சம் தயங்கினார். தொழில் தெரிந்த மனுஷன், பொய் சொல்ல வாய் வரவில்லை.

"ஆகாதும்மா. சின்னதாகும், இன்னும் சின்னதாகும். கண்ணுக்குத் தெரியாத அளவுக்குக்கூடப் போயிரும். ஆனா எவ்வளவு சின்னதானாலும் அது அதாவேதான் இருக்கும். அதைத் தின்னு செரிக்க ஒரு உசுரும் லேசுல வராது."

"பாவம்," என்றார் அம்மா.

யாரைச் சொன்னார் என்று ஆவுடையப்பருக்குத் தெரியவில்லை. அம்மா பெட்டியைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

"மரகதம், இன்னைக்குக் களைஞ்ச மாலையெல்லாம் கொண்டா. சமையல்கட்டுல இருக்கற இலை, காய்த்தோலு, மிச்சச் சோறு, எல்லாத்தையும் கொண்டா."

மரகதம் கூடையோடு வந்தாள். முன்பெல்லாம் பூக்காரர்கள் மாலையை வாழை நாரில் கட்டுவார்கள். இப்போது நைலான் நூல். குழியில் போடுவதற்கு முன்னால் நூலை உருவுவது அவளுடைய அன்றாட வேலை. வாயில் பூக்காரனைத் திட்டிக்கொண்டேதான் உருவுவாள்.

"இன்னைக்கு உருவாத," என்றார் அம்மா. "பாதியைக் குழியில போட்டு எப்பவும் போல மண்ணு தூவு. பாதியை இந்தப் பெட்டியில போடு."

"எதுக்கும்மா இது?" என்றார் ஆவுடையப்பர்.

"புரட்டாசி பொறந்ததும் ரெண்டையும் திறந்து பாப்போம். பாத்துட்டு, எதுல என்னைப் போடணும்னு நீங்களே சொல்லுங்க. நான் மறுத்து ஒரு வார்த்தை பேச மாட்டேன்."

"அதுக்குள்ள…" என்று இழுத்தார் ஆவுடையப்பர்.

"அதுக்குள்ள நான் போயிட்டா உங்க பெட்டியிலேயே வைங்க."

மரகதத்துக்கு அழுகை வந்துவிட்டது. ஆவுடையப்பருக்கு உள்ளூர நிம்மதி. அதை மறைக்கவும் அவருக்குத் தெரியவில்லை. மூடியை வைத்து ஒவ்வொரு நட்டாகத் தம் கட்டி முடுக்கினார். பெட்டியைத் தோட்டத்து மூலையில், அம்மா சொன்ன இடத்துக்குப் பக்கத்திலேயே வைத்தார்கள்.

வைகாசி போயிற்று, ஆனி போயிற்று. அம்மா மெலிந்துகொண்டே வந்தார். கட்டிலைத் தோட்டத்துப் பக்கத்துத் தாழ்வாரத்தில் போட்டுக் கொடுத்திருந்தார்கள். அங்கிருந்து குழியும் தெரியும், பெட்டியும் தெரியும்.

ஆவுடையப்பர் தினமும் காலையில் பெட்டியைத் துடைப்பார். ஒருநாள் துடைத்துக்கொண்டிருந்தவர் மூக்கைச் சுளித்தார். குனிந்து ரப்பர் பட்டையைத் தடவிப் பார்த்தார். ஓட்டமாகப் போய் ஸ்பேனரும் பசையும் எடுத்து வந்தார்.

"என்ன செய்யுதீங்க, பெரியவரே?"

"லேசா வாசம் கசியுதும்மா. உள்ள காத்து கூடியிருக்கு போல. பட்டையை முட்டுது."

"வெளிய வரணும்னு பாக்குதோ?"

"விட மாட்டேன்," என்றார் அவர். நட்டை இறுக்கிப் பட்டையைச் சுற்றிலும் பசை தடவினார்.

அம்மா சிரித்தார் என்று சொல்ல முடியாது. கண்ணை மூடிக்கொண்டார்.

இன்னொரு நாள் மரகதம் குழியைக் கிளறிக்கொண்டிருந்தாள். உள்ளேயிருந்து ஆவி எழும்பியது.

"சுடுதும்மா," என்றாள்.

"வேலை நடக்குது," என்றார் அம்மா. "பெரியவரே, வந்து கை வச்சுப் பாக்கீங்களா?"

"வேண்டாம்மா."

"சரி."

ஆடியில் ஆறு நிறைந்து ஓடியது. அந்த மாதம் முழுக்க ஆவுடையப்பர் ஆற்றைப் பார்க்க மாட்டார். அம்மா இரண்டு முறை நினைவு தப்பித் திரும்பி வந்தார். இரண்டு முறையும் மரகதம் சன்னதியைப் பார்த்துக் கையெடுத்தாள், ஆவுடையப்பர் பெட்டியைப் பார்த்தார். தான் பார்த்தது எதை என்று பிறகு நினைத்தபோது அவருக்கே கூசியது.

ஆவணியும் முடிந்தது. அம்மா இருந்தார். எலும்பும் தோலுமாக இருந்தார், ஆனால் இருந்தார்.

புரட்டாசி பிறந்த அன்று காலை, "திறங்க," என்றார்.

ஆவுடையப்பர் பசையைச் சுரண்டினார். நட்டை ஒவ்வொன்றாகக் கழற்றினார். கடைசி நட்டு தளர்ந்ததும் மூடி தானாகவே ஒரு பக்கம் தூக்கிக்கொண்டது. உஸ்ஸென்று காற்று வந்தது.

தாழ்வாரத்தில் இருந்த மரகதம் அப்படியே உட்கார்ந்து வாந்தி எடுத்தாள். மரத்தில் இருந்த காக்காய்கள் பறந்தன. பெட்டிக்குள் மாலை என்று எதுவும் இல்லை, மண் என்றும் எதுவும் இல்லை. கறுப்பாக, கொழகொழவென்று ஒரு குழம்பு கிடந்தது.

ஆவுடையப்பர் நின்ற இடத்தில் நிற்கவில்லை. ஆடி முழுக்க ஆற்றைப் பார்க்காதவர் ஆற்றங்கரைப் படிக்குத்தான் ஓடினார். கடைசிப் படியில் மண்டியிட்டு, முகத்தைத் தண்ணீரில் முக்கி முக்கி எடுத்தார். எத்தனை முக்கினாலும் அந்த வாசம் மூக்கை விட்டுப் போகவில்லை. அது பெட்டியின் வாசம் மட்டும் அல்ல. நாணல் புதரில் அன்றைக்கு அவர் மூக்கில் ஏறிய அதே வாசம்.

வெகு நேரம் கழித்து ஈரத் தலையோடு திரும்பி வந்தார். அதற்குள் மரகதம் பெட்டியைக் கவிழ்த்து, அந்தக் குழம்பைக் குழியில் தள்ளி மேலே சாணமும் மண்ணும் போட்டிருந்தாள். ஆவுடையப்பர் கட்டிலுக்குப் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தார்.

"அம்மா, ஒண்ணு சொல்லணும்."

"சொல்லுங்க."

"நயினாரை ஆஸ்பத்திரியில கொடுக்கும்போது சுத்திக் கொண்டுபோக ஒரு தாளு கேட்டாங்க. எங்க குடோன்ல இருந்து கொண்டாரச் சொன்னேன். இருக்கறதுலயே தடிமனான தாளு. குட்டைக்கு விரிக்கறது. பேரப்பிள்ளைக காலம் வரைக்கும் கெடாதுன்னு சொல்லிச் சொல்லி வித்த சரக்கு. நாலு மடிப்பா மடிச்சு, கயித்தால நானே இறுக்கிக் கட்டினேன்."

அம்மா அவர் பக்கம் ஒருக்களித்துப் படுத்தார்.

"கல்யாணம் ஆகாத பிள்ளைன்னு புதைக்கறதுதான் எங்க வீட்டு வழக்கம். குழியில வச்சுட்டு, தாளைப் பிரிச்சுட்டு மண்ணு போடுங்கன்னு வெட்டியான் சொன்னான். பிரிக்கக் கூடாதுன்னுட்டேன். பட்டது போதும், இனி எதுவும் என் பிள்ளையைத் தொடக் கூடாதுன்னுட்டேன். மண்ணும் போடல. ஊரே போட்டுச்சு, நான் போடல. திரும்பிப் பாக்காம வந்துட்டேன். இன்னைக்கு வரைக்கும் அந்தப் பக்கம் போகல."

அவர் தோட்டத்து மூலையில் கிடந்த பெட்டியைப் பார்த்தார்.

"இத்தனை வருஷமா அவன் பத்திரமா இருக்கான்னு நெனச்சிட்டிருந்தேம்மா. இப்போ அந்தப் பெட்டியத் திறந்ததும்… என் பிள்ளையை நான் எதுல கட்டிப் போட்டுட்டு வந்திருக்கேன்?"

மரகதம் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். அம்மா அவளிடம் கையைக் காட்டினார்.

"குழியில பழசு ஒரு கூடை அள்ளிட்டு வா. சித்திரையில போட்ட இடத்துல."

கூடை வந்தது. உள்ளே கறுப்பு மண், பொலபொலவென்று இருந்தது. மரகதம் அதற்குள் கையை விட்டு எதையோ இழுத்தாள். மாலை மாலையாக நைலான் நூல் வந்தது. வளைவு அப்படியே இருந்தது. முடிச்சு அப்படியே இருந்தது. பூக்காரன் பூ வைத்துக் கட்டிய ஒவ்வொரு முடிச்சும் எண்ணிக்கொள்ளலாம் போல இருந்தது. பூ மட்டும் ஒன்றுகூட இல்லை.

அம்மா அதை வாங்கி உள்ளங்கையில் வைத்துப் பார்த்தார்.

"இது கெடவே இல்ல," என்றார். "இதை எந்தச் சாமிக்குப் போட?"

ஆவுடையப்பர் நூலைப் பார்த்தபடி இருந்தார். பிறகு, அத்தனை காலமும் செய்யாத ஒன்றைச் செய்தார். கூடையை இழுத்துக் குனிந்து முகர்ந்தார். முதல் மழைக்கு நனைந்த தரை மாதிரி ஒரு வாசம், அவ்வளவுதான்.

"ஒரே மாலை, ஒரே எலை, ஒரே சோறு," என்றார் மெதுவாக. "ரெண்டு பக்கமும் ஒரே நாள்தான போட்டோம்."

"ஆமா."

"பிறகு ஏம்மா?"

"குழிக்கு மூடி இல்ல. காத்து வந்துச்சு. மழை வந்துச்சு. புழு வந்துச்சு, எறும்பு வந்துச்சு, காளான் வந்துச்சு, நம்ம கண்ணுக்குத் தெரியாத எத்தனையோ வந்துச்சு. வந்தவங்க எல்லாரும் ஆளுக்குக் கொஞ்சம் வாங்கிட்டுப் போனாங்க." பேசிப் பேசி அம்மாவுக்கு மூச்சு வாங்கியது. "உங்க பெட்டிக்குள்ள ஒருத்தரும் வர முடியல. உள்ள இருந்தது தனியாவே அழுகிச்சு."

"அப்போ நயினாரும் தனியா…"

அம்மா ஆறுதல் எதுவும் சொல்லவில்லை. ஆறுதல் சொல்கிற ஆளாக இருந்திருந்தால் ஆவுடையப்பர் இத்தனை வருஷம் அங்கே இருந்திருக்கவும் மாட்டார்.

"நான் சொல்லி என்ன ஆகப் போகுது?" என்றார் அம்மா. "போய்ப் பாத்துட்டு வாங்க."

"நீங்க இந்த நிலையில இருக்கும்போதா?"

"இருக்கேன். போயிட்டு வாங்க."

அன்றைக்கே கிளம்பினார். பஸ் மாறி மாறிச் சொந்த ஊர் போய்ச் சேர்ந்தார். தம்பி வீட்டுக்குக்கூடப் போகவில்லை. நேரே ஓடைக்கரை இடுகாட்டுக்கு நடந்தார். எந்த இடம் என்று யாரையும் கேட்க வேண்டியிருக்கவில்லை. ஓடை கரையைக் கொஞ்சம் அரித்திருந்தது. அரித்த இடத்தில் கறுப்புத் தாளின் ஓரம் மண்ணுக்கு வெளியே நீட்டிக்கொண்டிருந்தது. மடித்துத் தைத்த விளிம்பு. தன்னுடைய சரக்கு அவருக்குத் தெரியாதா.

அவர் திரும்பி வரும்போது மறுநாள் மத்தியானம் ஆகியிருந்தது. சட்டையெல்லாம் மண், நகக்கண்ணெல்லாம் மண். தோள் துண்டு தோளில் இல்லை. அதை முடிச்சாகக் கட்டி இரண்டு கையாலும் பிடித்திருந்தார்.

மரகதம் வாசலிலேயே மறித்தாள்.

"என்ன அண்ணாச்சி அது?"

"மண்ணு."

"எங்க உள்ள மண்ணு?" என்றவளுக்கு அவர் முகத்தைப் பார்த்ததும் தெரிந்துவிட்டது. "சுடுகாட்டு மண்ணையா கொண்டாந்தீங்க? சன்னதி இருக்கற இடம். அம்மா கெடக்கற கெடையில இதையும் உள்ள கொண்டு வரலாமா?"

"தெரியும் தாயி. வழியில ஆத்துப் பாலத்துலயே போட்டுரணும்னுதான் நின்னேன். கை விடல."

"உள்ள விடு, மரகதம்," என்று தாழ்வாரத்தில் இருந்து அம்மாவின் குரல் வந்தது. ஒரு நாளில் அந்தக் குரல் பாதியாகத் தேய்ந்திருந்தது.

ஆவுடையப்பர் கட்டிலருகே வந்து உட்கார்ந்தார். துண்டை மடியில் வைத்துக்கொண்டார்.

"பாத்தீங்களா?"

"பாத்தேன்."

"சொல்லுங்க."

"தாளு ஓரம் வெளிய கெடந்தது வெயில் பட்டு நொறுங்குதும்மா. தொட்டா உதிருது. மண்ணுக்குள்ள போகப் போக அப்படியேதான் இருக்கு. நான் வித்த அன்னைக்கு இருந்த மாதிரி இருக்கு. அந்த வாசம் வரும்னு மூச்சைப் பிடிச்சுக்கிட்டு மடிப்பை லேசா விலக்கினேன்."

"வந்துச்சா?"

"வரல."

அவர் மடியில் இருந்த துண்டு முடிச்சைத் தடவினார்.

"உள்ள வேரு போயிருந்துச்சும்மா. நான் இறுக்கிக் கட்டின மடிப்புக்குள்ள, அருகம்புல்லு வேரு, வெள்ளை வெள்ளையா. கறையான் வழி போட்டு வச்சிருந்துச்சு. ஓடைத் தண்ணி போயி வந்த தடம் இருந்துச்சு. உள்ள முழுக்க மண்ணு. அதுக்கு மேல நான் பிரிக்கல. பிரிக்கணும்னு தோணல." அவர் கண்ணில் இருந்து நீர் தாரை தாரையாக வடிந்தது, துடைக்கவில்லை. "ஒருத்தரும் வரக் கூடாதுன்னுதான கட்டிட்டு வந்தேன். எனக்குத் தெரியாம என் பிள்ளைகிட்ட எல்லாரும் வந்து போயிட்டு இருந்திருக்காங்க. நான் ஒருத்தன்தாம்மா போகல."

மரகதம் தூணில் சாய்ந்து நின்றாள். சுடுகாட்டு மண் என்று பிறகு அவள் ஒரு வார்த்தை பேசவில்லை.

"தாளை என்ன செஞ்சீங்க?" என்றார் அம்மா.

"வெளிய கெடந்ததை அறுத்து எடுத்துட்டேன். மிச்சத்தைத் தளர்த்தி விட்டுட்டு மேல மண்ணு போட்டேன். கையாலயே போட்டேன். அன்னைக்குப் போடாத மண்ணு."

"இது?"

ஆவுடையப்பர் துண்டின் முடிச்சை அவிழ்த்தார். ஒரு கைப்பிடிக்குக் கொஞ்சம் கூடுதலாக மண் இருந்தது. நடுவில் நூல் மாதிரி ஒரு வேர்.

"மடிப்புக்குள்ள இருந்த மண்ணு. அள்ளணும்னு அள்ளல. எழுந்திரிக்கும்போது பாத்தா கையில இருக்கு. அங்கயே விட்டுட்டு வரவும் முடியல. இதைச் சன்னதிப் பக்கம் வைக்கக் கூடாது, எனக்குத் தெரியும். ஆத்துல விடவும் மனசு வரல. செடிக்குப் போடவும் மனசு வரல." அவர் அம்மாவின் முகத்தைப் பார்த்தார். "இதை நான் என்ன செய்ய?"

அம்மா போர்வைக்குள் இருந்து கையை எடுத்தார். அந்தக் கை துண்டு வரைக்கும் வராமல் பாதியில் நின்றுவிட்டது. ஆவுடையப்பர் துண்டைத் தூக்கிப் பிடித்தார். அம்மா ஒரு விரலால் மண்ணைத் தொட்டார். தொட்ட விரலை எடுக்காமல் கொஞ்ச நேரம் அப்படியே வைத்திருந்தார்.

தோட்டத்து மூலையில் ஃபைபர் பெட்டி வாயைத் திறந்தபடி சரிந்து கிடந்தது. அதை யாரும் பார்க்கவில்லை.

"பத்திரமா வச்சிருங்க, பெரியவரே," என்றார் அம்மா. "எனக்குப் போடுற முதல் பிடி இதுவா இருக்கட்டும்."

ஆவுடையப்பர் துண்டை மறுபடி முடிந்து மடியில் வைத்துக்கொண்டார். மாட்டேன் என்று அவர் சொல்லவில்லை.